புகைக்கூடத்தில் முதல் கல்யாணம்

புந்தோங்கிலிருந்து மாப்பிள்ளை வீட்டாரோடு பேருந்தில் வந்து, ஆயர் தாவாருக்குப் பக்கத்து ரப்பர் தோட்டம் ஒன்றில் இறங்குகிறேன். ரப்பர் ஷீட்டுகளுக்குப் புகை போட்ட பழைய கட்டடம்தான் மண்டபம் என்று தெரிந்ததும் மாப்பிள்ளையின் அப்பா முகம் சுருங்குகிறது.

"நம்ம ஆளுங்க சிரிப்பாங்க லா" என்று என் காதில் முணுமுணுக்கிறார்.

உள்ளே நுழைகிறோம். செங்கல் சுவர்களைச் சுரண்டிக் கழுவியிருக்கிறார்கள். புகை ஏறிக் கறுத்த உத்தரங்களை மட்டும் அப்படியே விட்டு எண்ணெய் பூசியிருக்கிறார்கள். அவை கருங்கல்லாய் மின்னுகின்றன. ஷீட்டுகள் தொங்கிய கம்புகளில் தென்னங்குருத்துத் தோரணம் ஆடுகிறது.

"யாரு செஞ்சது இதெல்லாம்?" என்று பெண்ணின் அம்மாவைக் கேட்கிறேன். ரப்பர் மரத்தில் பால் வெட்டும் தொழிலாளி அவர்.

"தோட்டத்து ஆளுங்க நாங்கதான் அண்ணே. நிர்வாகத்துல இடிக்கப் பாத்தாங்க, கேட்டு வாங்குனோம். ஏழு மாசமா வேல முடிஞ்சு தெனமும் வந்து செஞ்சோம். என் கல்யாணம் லயத்து வீட்டு வாசல்ல நடந்துச்சு. மழையில பந்தி எலையெல்லாம் மெதந்துச்சு. எம்மவளுக்கு அப்படி ஆவக்கூடாதுன்னு நெனச்சேன்."

தாலி ஏறுகிறது. பந்தியில் உட்கார்ந்த மாப்பிள்ளையின் அப்பா, சாப்பிடாமல் உத்தரங்களையே அண்ணாந்து பார்க்கிறார். பிறகு எழுந்து பெண்ணின் அம்மாவிடம் போகிறார்.

"சம்பந்தி, தை மாசம் என் மவளுக்குக் கல்யாணம். இந்த டேவான், இந்த மண்டபம் கெடைக்குமா?"

பெண்ணின் அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொள்கிறார்.

"வாங்க சம்பந்தி. வாழமரம் நாங்களே கட்டிருவோம்."