மெதுவா ஓடின பைக்கும் வெள்ளிக்கிழமை போனும்

அந்த சத்தம் இன்னும் காதுல இருக்கு... டீசல் தீரப்போற வயல் இன்ஜின் மாதிரி இழுத்து இழுத்து ட்ர்ர்ர்... ட்ர்ர்...ன்னு ஒரு பைக். குத்தாலத்துல எங்க வீட்டு ஹால்ல, அத்தா செகண்ட் ஹேண்ட்ல வாங்கிப் போட்ட கம்ப்யூட்டருக்குள்ள ஓடின பைக் அது.

ஓட்டினது எங்க அக்கா. புதுசா கல்யாணமான பொண்ணு. லீவு முடிஞ்சு மச்சான் சார்ஜாவுக்கு வேலைக்கு சபுர் கிளம்பிட்டாரு, அக்கா எங்க வீட்டுக்கே வந்துடுச்சு.

மச்சான் கையில எப்பவும் ஒரு கேம் செட் இருக்கும், உள்ளங்கையில அடங்குற சைஸ். மாப்பிள்ளை விருந்துல பிரியாணி வர்ற வரைக்கும் அதுல பைக் ரேஸ் ஓட்டின மனுஷன். சார்ஜா போகும்போது செட்டை எடுத்துட்டுப் போயிட்டாரு. ஆனா அதே கேம் கம்ப்யூட்டர்லயும் ஓடுற மாதிரி எமுலேட்டர்னு ஒரு சாஃப்ட்வேர் ஏத்திக் குடுத்து, பொழுது போகலைன்னா ஓட்டுன்னு அக்காகிட்ட சொல்லிட்டுப் போனாரு.

வெள்ளிக்கிழமை ஜும்மா முடிஞ்சதும் போன் வரும். எங்க வீட்டு போன்ல ஸ்பீக்கர் போட்டாத்தான் கேக்கும். அடுப்படியில அம்மா, நாற்காலியில அத்தா, பரீட்சை லீவுல புக்கோட நான்... இத்தனை பேர் முன்னாடி புதுசா கட்டிக்கிட்டவங்க என்னத்தப் பேசுவாங்க?

சாப்டியா... சாப்டேன். அங்க வெயிலா... வெயில்தான். அப்புறம்? அப்புறம் ஒண்ணுமில்ல. அவ்வளவுதான், வச்சிடுவாங்க.

வச்ச பிறகும் அக்கா போனையே பாத்துக்கிட்டு உக்காந்திருக்கும். அவருக்கு என்னைப் புடிக்கலையோன்னு ஒரு நாள் என்கிட்ட கேட்டுச்சு.

அப்படி ஒரு வெள்ளிக்கிழமை, பேச்சு தீர்ந்துபோன இடத்துல, அக்கா தயங்கித் தயங்கி அது ரேஸ் ஓட்டின டைமைச் சொல்லுச்சு. மச்சான் நம்பவே இல்ல. அவரோட பெஸ்ட் டைமை விட அது கம்மி.

அன்னைக்குத் தான் எங்க வீட்டு போன் சூடாச்சு! அந்த வளைவுல பிரேக் போட்டியா, எங்க முறுக்கின, எப்படித் திருப்பினன்னு ஒரே கேள்வி. அடுத்த வாரம் அவரோட ரூம்ல இருக்கிறவங்க எல்லாம் அக்காவுக்கு சலாம் சொன்னாங்க. பைக்ல ஆரம்பிச்ச பேச்சு அவர் வேலைக்குப் போற பஸ், பருப்புல உப்பு போட மறக்குற சமையல்காரர்னு எங்கெங்கயோ போச்சு. அக்கா சத்தமா சிரிச்சுது. அத்தா துண்டை எடுத்துத் தோள்ல போட்டுக்கிட்டு, யாரும் சொல்லாமலே வெளியில போயிட்டாரு.

எனக்குப் பரீட்சை முடிஞ்சுது. நான் படிச்சது கம்ப்யூட்டர் டிப்ளமோ. அந்த பைக் இழுத்துக்கிட்டு ஓடுறதைப் பாக்கப் பாக்க எனக்குக் கை பரபரன்னு இருந்துச்சு.

முதல்ல கேபினெட்டைக் கழட்டி, ஃபேன்ல அடைஞ்சிருந்த தூசியை எல்லாம் பழைய பல் பிரஷ்ஷால தட்டினேன். தேவையில்லாம பின்னாடி ஓடிக்கிட்டு இருந்த புரோகிராமை எல்லாம் நிறுத்தினேன். எமுலேட்டர்ல ரெசல்யூஷனைக் குறைச்சேன், நிழலை எடுத்தேன், நடுநடுவுல சில படத்தை விட்டுட்டு ஓட ஃப்ரேம் ஸ்கிப் போட்டேன். நடுவுல கரண்ட் வேற போயிப் போயி வந்து உயிரை வாங்குச்சு. ஆனா சாயந்தரம் பாக்கணுமே... பைக் சும்மா பிச்சுக்கிட்டுப் போச்சு. எனக்குத் தலைகால் புரியல.

அக்கா உக்காந்துச்சு. முதல் வளைவுலயே விழுந்துச்சு. திரும்பவும் விழுந்துச்சு. விழாம முடிச்சப்போ, டைம் மச்சானோடதுக்குப் பக்கத்துலயே இல்ல.

அப்பத்தான் எனக்கு உறைச்சுது. பைக் மட்டும் மெதுவா ஓடல, கேமுக்குள்ள இருந்த கடிகாரமும் சேர்ந்தே மெதுவா ஓடியிருக்கு. மச்சான் சட்டுன்னு திருப்ப வேண்டிய வளைவை அக்கா ஆற அமர யோசிச்சுத் திருப்பியிருக்கு. அக்காகிட்ட சொன்னேன்.

அது முகத்தை இப்ப நினைச்சாலும் கஷ்டமா இருக்கு.

பழையபடி மாத்திடலாம், ஒரு நிமிஷ வேலை, அவருக்கு எங்க தெரியப்போகுதுன்னு சொல்லிப் பாத்தேன். அக்கா அந்த வாரம் பூரா கம்ப்யூட்டர் பக்கமே போகல.

வெள்ளிக்கிழமை வந்துச்சு. மச்சான் எடுத்த எடுப்புலயே, "இந்த வாரம் என்ன டைம்?"னு கேட்டாரு.

அக்கா ஸ்பீக்கர் போனை ரெண்டு கையாலயும் புடிச்சுக்கிட்டு சொல்லுச்சு.

"நான் உங்களை விட நல்லாலாம் ஓட்டலங்க. எங்க கம்ப்யூட்டர்தான் மெதுவா ஓடியிருக்கு. தங்கச்சி சரி பண்ணின பிறகு என்னால ஓட்டவே முடியல. உங்ககிட்ட பேச எனக்கு வேற எதுவும் தெரியலங்க... அதான் பயமா இருக்கு."

அடுப்படியில அம்மா கரண்டியைக் கீழ வச்சிட்டாங்க.

"எனக்கும் தெரியலம்மா,"ன்னாரு மச்சான். "வியாழக்கிழமையே பயம் வந்துடும். நாளைக்கு என்ன பேசுறதுன்னு."

அம்மா என் கையைப் புடிச்சுக் கொல்லைப்பக்கம் இழுத்துட்டுப் போயிட்டாங்க. மீதி என்ன பேசினாங்கன்னு எனக்குத் தெரியாது. ரொம்ப நேரம் பேசினாங்க, அது மட்டும் தெரியும்.

இப்ப மச்சான் ஊரோட வந்துட்டாரு. ரெண்டு பேரும் மாயவரத்துல கடை வச்சிருக்காங்க. கஸ்டமர் வந்து நின்னாலும் பேச்சை நிறுத்த மாட்டாங்க.

அந்த கேம் இப்ப சாதாரண போன்லயே பறக்குது, எதையும் குறைக்க வேணாம், கூட்ட வேணாம். எனக்கும் சென்னையில வேலையே அதுதான், மெதுவா ஓடுற ஆப்பை வேகமா ஓட வைக்கிறது. என் வீட்டுக்காரர் புனேல இருக்காரு. வீடியோ கால்ல முகம் கண்ணாடி மாதிரி தெரியுது, ஒரு இடத்துலயும் நிக்கல, சுத்தல. ரெண்டு நிமிஷத்துல பேச்சு தீர்ந்துடுது. அப்புறம் ஆளுக்கொரு பக்கம் ஸ்க்ரோல் பண்றோம், போனைக் கூட கட் பண்ணாம.

அக்காவுக்கு அன்னைக்கு இருந்த தைரியம் எனக்கு இன்னும் வரல. இன்னைக்கு ராத்திரி கால் வரும். எனக்கும் பயமா இருக்குன்னு சொல்லிப் பாக்கணும்...