பெரணி டீச்சரின் இனிஷியல்

2009-ஆம் ஆண்டு, மழை விட்டு விட்டுப் பெய்துகொண்டிருந்த ஆடி மாதம். திருவனந்தபுரத்தில் கரமனைப் பக்கம் எங்கள் வீடு. நான் அரசுப் புள்ளிவிவரத் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். எண்ணுவது என் தொழில். ஓய்வுக்குப் பிறகு அது வியாதியாகிவிட்டது என்பது என் மனைவியின் கருத்து. கல்யாண வீட்டுக்குப் போனால் பந்தியில் இலைகளை எண்ணுவேன்; பத்திரிகை படித்தால் அச்சுப்பிழைகளை எண்ணுவேன். அந்த வியாதி ஒரு காரியத்துக்கு உதவியதையும், அதே வியாதி அந்தக் காரியத்தைக் கெடுக்கப் பார்த்ததையும்தான் இங்கே எழுதுகிறேன்.

வெளிநாட்டில் இருக்கும் மகன், எங்கள் முகத்தைப் பார்த்துப் பேச வேண்டும் என்று வீட்டில் கணினியும் பிராட்பேண்டும் வைத்துக் கொடுத்திருந்தான். மாதத்துக்கு இவ்வளவுதான் என்று அதற்கு ஓர் அளவு உண்டு. அளவு தாண்டிவிடுமோ என்ற பயத்தில் நான் அதை அதிகம் தொடுவதில்லை. அப்படி இருக்கையில், பக்கத்து வீட்டுப் பெண் ஒருநாள் இரண்டு தோழிகளோடு வந்து நின்றாள். சாலைக் கடைத்தெருவில் பாத்திரக்கடை வைத்திருப்பவரின் மகள். பெண்கள் கல்லூரி ஒன்றில் தமிழ் படித்துக்கொண்டிருந்தாள். வகுப்பில் அவர்களுக்கு ஒரு வேலை கொடுத்திருந்தார்கள். இணையத்தில் எல்லோரும் சேர்ந்து எழுதுகிற கலைக்களஞ்சியம் இருக்கிறதல்லவா, அதில் பெண்களைப் பற்றிய தமிழ்க் கட்டுரைகளை எடுத்து, குறை கண்டுபிடித்துத் திருத்த வேண்டும். பிரவுசிங் சென்டரில் உட்கார அவள் அப்பா விடமாட்டார். அதனால் எங்கள் வீடு.

"மாமா, படமெல்லாம் திறக்க மாட்டோம், எழுத்து மட்டும்தான்" என்று அவளே முந்திக்கொண்டு சொன்னாள். என் கவலை தெருவுக்கே தெரிந்திருக்கிறது.

அவர்கள் எடுத்திருந்த கட்டுரையைப் பார்த்ததும் எனக்கு உற்சாகம் வந்துவிட்டது. எனக்குத் தெரிந்தவர். நான் பையனாக இருந்தபோது எங்கள் தெருவிலேயே குடியிருந்தவர். கல்லூரியில் தாவரவியல் விரிவுரையாளர். பெயரைச் சொல்ல வேண்டாம். தெருவில் எல்லோரும் அவரைப் 'பெரணி டீச்சர்' என்றுதான் சொல்வோம். பெரணி என்பது மலை ஓடைக் கரைகளில் வளரும் செடி. பூக்காது, காய்க்காது, இலைக்கு அடியில் பொடி மாதிரி வித்து வைத்திருக்கும். விடுமுறை வந்தால் டீச்சர் ஒரு தகரப்பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு கல்லாற்றுக்குப் பஸ் ஏறிவிடுவார். அங்கிருந்து காட்டுக்குள் நடந்து செடி சேகரித்துவிட்டு, காலெல்லாம் அட்டை கடித்த ரத்தத்தோடு சாயங்காலம் தெருவில் நடந்து வருவார். யார் பார்க்கிறார்கள் என்று கவலைப்பட்டதில்லை.

கட்டுரையை ஒருமுறை படித்துவிட்டு வழக்கம்போல எண்ணினேன். மொத்தம் பதினோரு வாக்கியங்கள். அவர் கணவரைப் பற்றி நான்கு. பிள்ளைகளைப் பற்றி இரண்டு. பிறந்ததும் இறந்ததுமாக இரண்டு. எளிமையான புடவை கட்டுவார் என்று ஒன்று. சமையலில் கைதேர்ந்தவர் என்று ஒன்று. மிச்சம் ஒன்றே ஒன்று: 'ஓய்வு நேரத்தில் பெரணிச் செடிகள் சேகரிப்பதில் ஆர்வம் கொண்டிருந்தார்.'

நான் இதைச் சத்தமாகச் சொன்னதும் மூன்று பெண்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கல்லாற்றிலிருந்து வந்து விடுதியில் தங்கிப் படித்த பெண் ஒருத்தி அவர்களில் இருந்தாள்; அம்மா அங்கே டீக்கடை வைத்திருந்தார். பேச்சில் பாதி மலையாளம் கலந்திருக்கும். "அப்போ இது டீச்சரைப் பற்றின கட்டுரை அல்ல, டீச்சரோட மாப்பிள்ளையைப் பற்றினது, அல்லே?" என்றாள். அன்று முதல் எந்தக் கட்டுரையைத் திறந்தாலும் முதலில் வாக்கியங்களை இப்படிப் பிரித்து எண்ணுவதை அவர்கள் வழக்கமாக்கிக்கொண்டார்கள். எனக்கு அதில் கொஞ்சம் பெருமைதான்.

ஆனால் கட்டுரையின் தலைமாட்டில் ஒரு கட்டம் இருந்தது. நான் அதை விளம்பரம் என்று நினைத்துப் படிக்காமல் விட்டிருந்தேன். 'இவரது குறிப்பிடத்தக்கமை நிறுவப்படவில்லை. தகுந்த சான்றுகள் ஏழு நாட்களுக்குள் தரப்படாவிட்டால் கட்டுரை நீக்கப்படும்' என்று ஒரு மேற்பார்வையாளர் எழுதி வைத்திருந்தார். மனிதர் வாழ்ந்ததற்கே ஏழு நாள் தவணையா என்று எனக்குப் பொறுக்கவில்லை. நான் கண்ணால் பார்த்தவன், நானே சாட்சி சொல்கிறேன், எழுதுங்கள் என்றேன்.

"மாமா, ஒருத்தரோட நினைவு ஆதாரம் ஆகாது. அச்சுல வந்திருக்கணும்" என்றாள் பக்கத்து வீட்டுப் பெண்.

காப்பி கொண்டுவந்த என் மனைவிக்கு அப்படி ஒரு சந்தோஷம். "நல்லாச் சொல்லு மக்ளே. இத்தனை வருஷமா நான் எதைச் சொன்னாலும் இவரு ஆதாரம் கேட்டாரு. இப்ப இவருகிட்டயே கேக்கதுக்கு ஆளு வந்தாச்சு."

சரி, அச்சில் காட்டுவோம் என்று மறுநாள் அவர்களோடு நானும் நூலகத்துக்குப் போனேன். பழைய தாவரவியல் இதழ்களுக்கு ஆங்கிலத்தில் ஒரு பெயர் அகரவரிசை இருந்தது. டீச்சரின் வீட்டு வாசலில் 'எஸ்.' என்ற இனிஷியலோடு அவர் பெயர்ப்பலகை தொங்கியது எனக்கு நன்றாக நினைவிருந்தது. அந்த எஸ்ஸோடு தேடினோம். ஒரே ஒரு கட்டுரை கிடைத்தது. அதற்கு நேர் மேலே அதே பெயரில், 'டி.' என்ற இனிஷியலோடு ஆறு கட்டுரைகள் இருந்தன. எல்லாம் பெரணியைப் பற்றியவைதான். பக்கத்து வீட்டுப் பெண் அதில் விரலை வைத்து, "மாமா, இது?" என்று கேட்டாள்.

"அது வேற ஆளு. இனிஷியல் வேறயா இருந்தா ஆளும் வேற. நம்ம பக்கத்துல இந்தப் பேரு தெருவுக்கு நாலு இருக்கும்" என்றேன். முப்பத்திரண்டு வருடம் பட்டியல்களில் ஒரே ஆளை இரண்டு முறை எண்ணிவிடக் கூடாது என்று காவல் இருந்தவன். அந்த உறுதியோடு சொன்னேன். அவள் விரலை எடுத்துவிட்டாள்.

கிடைத்த ஒரு கட்டுரையை ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு வந்தோம். மூன்றாமவள் மளமளவென்று தட்டச்சு செய்பவள், அதிகம் பேசமாட்டாள். அவள் விவரங்களைச் சேர்த்துவிட்டாள். மறுநாள் பதில் வந்திருந்தது. ஒரே ஓர் ஆய்வுக் கட்டுரை போதாது, இப்படி ஆயிரம் பேர் எழுதியிருப்பார்கள் என்று. "இவன் யாரு? இவன் பெரணியைக் கண்டிருக்கானா?" என்று நான் சத்தம் போட்டேன். கல்லாற்றுப் பெண் அமைதியாக, "அவன்னு எப்படி மாமா தெரியும்? பெண்ணா இருந்தாலோ?" என்றாள். பெண்களைப் பற்றிய கட்டுரைகளைத் திருத்த உட்கார்ந்திருக்கும் வீட்டில் நான் இதை யோசிக்கவே இல்லை. இன்றுவரை அது யார் என்று எங்களுக்குத் தெரியாது.

தவணையில் இரண்டு நாள்தான் பாக்கி. கட்டுரை போய்விட்டால் இவர்களுக்கு மதிப்பெண் குறையும், அவ்வளவுதான். ஆனால் பக்கத்து வீட்டுப் பெண் முகம் வாடிப்போய் இருந்தாள். அவளுக்குத் திருமணம் நிச்சயமாகியிருந்தது. தை மாதம் கல்யாணம். படிப்பு முடிந்தபிறகு ஆராய்ச்சி செய்ய வேண்டும் என்று ஆசை. மாப்பிள்ளை வீட்டில் விடுவார்களா என்று தெரியவில்லை. அத்தனை மலை ஏறின ஒருத்தருக்கே ஒரு கட்டுரை நிற்கவில்லை என்றால் நாமெல்லாம் எங்கே என்று அவள் மனதில் இருந்திருக்க வேண்டும்.

அவளைச் சிரிக்க வைக்கத்தான் கல்லாற்றுப் பெண் கேலியைத் தொடங்கினாள். மாப்பிள்ளையின் பெயரைச் சொல்லிச் சொல்லி, "தை மாசம் முதல் நீ ஆர் இல்ல கேட்டோ, நீ ஜி. இப்ப எழுதினதெல்லாம் ஒருத்தி எழுதினது, இனி எழுதப் போறதெல்லாம் வேற ஒருத்தி. நாளைக்கு யாராவது உன்னைத் தேடினா பாதிதான் கிடைக்கும்" என்றாள்.

தட்டச்சு செய்துகொண்டிருந்தவளின் கை நின்றது. பக்கத்து வீட்டுப் பெண் என்னைத் திரும்பிப் பார்த்தாள். கோபமாகப் பார்க்கவில்லை, ஆனால் அந்தப் பார்வை எனக்குப் போதுமாக இருந்தது.

"மாமா, பெயர்ப்பலகையில இருந்த அந்த எஸ். யாரோடது?"

டீச்சரின் கணவருடையது. வேறு யாருடையதாக இருக்கும்? அவர் பெயரின் முதல் எழுத்துதான் எஸ். நான் எண்ணத் தெரிந்தவன்தான். ஒருவரை இருவராக எண்ணியிருந்தேன். கதவருகே நின்ற என் மனைவி, "எனக்கும் முன்ன ஒண்ணு இருந்தது. எம்.முன்னு போட்டு ஸ்கூல்ல பரிசெல்லாம் வாங்கியிருக்கேன்" என்று சொல்லிவிட்டு டம்ளர்களை எடுத்துக்கொண்டு போனாள்.

மறுபடி நூலகத்துக்குப் போய் விவரம் குறித்துவந்து, ஆறு கட்டுரைகளையும் அன்று மாலையே சேர்த்தோம். இனி அசைக்க முடியாது என்று நான் நிம்மதியாகத் தூங்கினேன். காலையில் பதில்: 'டி.யும் எஸ்.ஸும் ஒருவரே என்பதற்குச் சான்று என்ன?' எனக்குக் கோபம் வரவில்லை. நூலகத்தில் நான் சொன்னதையேதான் அவர் கேள்வியாகக் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. நியாயமாக இருந்ததுதான் கஷ்டம். அவரைத் தெரிந்தவர்கள் யாரும் இப்போது அந்தத் தெருவில் இல்லை. இருந்தாலும் நினைவு ஆதாரம் ஆகாது. தவணை அன்றோடு முடிகிறது.

மூவரும் கல்லூரிக்குப் போகாமல் காலையிலேயே வந்துவிட்டார்கள். கரண்ட் போய்விட்டது, அது வேறு. செய்ய ஒன்றும் இல்லாமல் கல்லாற்றுப் பெண் அந்த ஜெராக்ஸ் தாள்களை ஜன்னல் வெளிச்சத்தில் புரட்டிக்கொண்டிருந்தாள். "மாமா, டீச்சர் பேருக்கு மேல ஒரு நட்சத்திரம் இருக்கே. எதுக்கு?" என்றாள்.

வாங்கிப் பார்த்தேன். எஸ். என்ற எழுத்தோடு தொடங்கிய அந்தப் பெயரின் கடைசி எழுத்துக்கு மேல் பொடியாக ஒரு நட்சத்திரக் குறி. அப்படிக் குறி போட்டால் பக்கத்தின் அடியில் ஒரு குறிப்பு இருக்க வேண்டும். அடியில் ஒன்றும் இல்லை. ஜெராக்ஸ்காரர் தாளின் அளவுக்கு அடிப்பகுதியை வெட்டிவிட்டார். கடைசி வரியின் பாதி எழுத்துகள் தலை மட்டும் தெரிந்தன. பக்கங்களைச் சரியாக எண்ணித்தான் வாங்கினேன். நட்சத்திரத்தை எண்ணவில்லை.

ஆட்டோவில் நாலு பேர் ஏறக்கூடாது என்று நான் சொல்லிக்கொண்டிருக்கும்போதே என்னை உள்ளே தள்ளி உட்கார வைத்துவிட்டார்கள். கிழக்கே கோட்டைச் சந்திப்பு நெருக்கடியில், கொட்டுகிற மழையில், ஆட்டோ நகரவே இல்லை. நூலகம் அன்றைக்கு விடுமுறையாக இருக்குமோ, அந்தத் தொகுதியை யாராவது எடுத்துக்கொண்டு போயிருப்பார்களோ, பக்கமே கிழிந்திருக்குமோ என்று நான் ஒவ்வொன்றாகச் சொல்ல, "மாமா, மிண்டாம இருங்க" என்று என் வாயை அடைத்தாள் அதுவரை பேசாமலே இருந்த தட்டச்சுக்காரி. அவள் என்னிடம் சொன்ன முதல் வாக்கியம் அதுதான் என்று நினைக்கிறேன்.

தொகுதி இருந்தது. பக்கமும் இருந்தது. அடியில், எறும்பு ஊர்ந்த மாதிரி எழுத்தில், ஆங்கிலத்தில் ஒரு வரி. பக்கத்து வீட்டுப் பெண் வாசித்துத் தமிழில் சொன்னாள்: "இதே பெயரில் டி. என்ற முதலெழுத்தோடு இதற்கு முன் வெளியான கட்டுரைகளும் இந்த ஆசிரியருடையவையே."

அந்த நூலகத்தில் பேசக் கூடாது. தட்டச்சுக்காரி அந்த வரியைப் பக்க எண்ணோடு குறித்துக்கொண்டாள். கல்லாற்றுப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். எனக்குத் தகரப்பெட்டியோடு தெருவில் நடந்து வந்த அந்த நடை நினைவுக்கு வந்தது. கல்யாணமாகி எழுத்து மாறிய பிறகு எழுதின முதல் கட்டுரையிலேயே, ஒருநாள் யாராவது தன்னை இரண்டாகப் பிரித்து எண்ணுவார்கள் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. புலம்பவில்லை. ஒரு நட்சத்திரம் போட்டு, ஒரு வரி எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

சாயங்காலத்துக்குள் அந்த வரியைப் பக்க எண்ணோடு சேர்த்தோம். சிறிது நேரத்தில் தலைமாட்டில் இருந்த கட்டம் காணாமல் போனது. 'சான்று ஏற்கப்பட்டது. நல்ல தேடல்' என்று மட்டும் எழுதியிருந்தார் அந்த முகம் தெரியாதவர். என் மாதத்துப் பிராட்பேண்ட் அளவும் அன்றே தீர்ந்துபோனது. நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

அடுத்த வாரம் கட்டுரையை முழுக்கத் திருத்தி எழுதினார்கள். இருபத்து மூன்று வாக்கியங்கள். கணவருக்கு ஒன்று. சமையலை எடுத்துவிட்டார்கள், அதற்கு மட்டும் ஆதாரம் கிடைக்கவில்லை என்று கல்லாற்றுப் பெண் சிரித்தாள். 'ஓய்வு நேரத்தில்' என்ற சொற்களை அடிக்கும் உரிமையை எனக்குக் கொடுத்தார்கள். விசையை நானே அழுத்தினேன்.

பக்கத்து வீட்டுப் பெண்ணுக்குத் தை மாதம் கல்யாணம் நடந்தது. இரண்டு வருடம் கழித்து ஒரு தமிழ் ஆய்விதழ் தபாலில் வந்தது, அவள் கட்டுரையோடு. முதலில் நான் கட்டுரையைப் படிக்கவில்லை, பெயரைப் பார்த்தேன். ஆர். என்றே இருந்தது. போனில் கேட்டதற்கு, "மாமியார் கேட்டாங்க மாமா. பெரணி டீச்சர் கதையைச் சொன்னேன். அப்புறம் கேக்கல. அவங்களோட பழைய இனிஷியலை எனக்குச் சொன்னாங்க" என்றாள்.

இப்போதும் எங்கேயாவது ஒரு பெண்ணின் பெயருக்கு முன்னால் ஓர் எழுத்தைப் பார்த்தால், அதற்கு முன்னால் இருந்த எழுத்து எது என்று தேடாமல் என் கண் அடுத்த வரிக்குப் போவதில்லை.