பால்சீனியின் சந்தை நிலவரம்

விரல் நுனியில் ஒரு சிட்டிகை வெள்ளைத் தூளைத் தொட்டு நாக்கில் வைத்துக்கொண்டு, கண்ணை மூடி நிற்பார். கோயிலில் நற்கருணை வாங்கியவரைப் போல அப்படியொரு பக்தி. பிறகு மெல்லக் கண்ணைத் திறந்து, "முதல்தரம் தங்கச்சி! ஒல்லாந்துச் சரக்கு. பாருங்கோ, இனிக்குதோ இல்லையோ எண்டே தெரியாது" என்பார். ஏஜன்ற் அண்ணையை நினைத்தால் எனக்கு முதலில் வருவது அந்த மூடிய கண்கள்தான். இனிக்காத ஒரு சீனிக்காக இந்த மனுசன் ஏன் இவ்வளவு உருகுகிறார் என்று அப்போது எனக்குச் சிரிப்பு வரும். முகத்துக்கு நேரே சிரித்தும் இருக்கிறேன். அவர் கோபித்ததில்லை.

எண்பதுகளில் யாழ்ப்பாணப் பட்டினத்தில், கிணற்றுத் தண்ணீரைப் பரிசோதிக்கும் சிறிய ஆய்வுகூடம் ஒன்றில் நான் வேலை பார்த்தேன். எங்களுக்கு வேண்டிய இரசாயனங்களை வெளிநாட்டிலிருந்து எடுத்துத் தரும் முகவர் அவர். கடற்கரையோர மீனவர் ஊரான குருநகர்க்காரர். கடலில் கால் வைத்தால் சத்தி எடுக்கிற குருநகர்க்காரன் உலகத்திலேயே நான் ஒருவன்தான் என்று தன்னைத்தானே பகிடி பண்ணுவார். வள்ளம் ஒத்துவராமல் ஒரு கடையில் கணக்குப்பிள்ளையாகச் சேர்ந்து, பிறகு சொந்தமாக முகவர் தொழிலுக்கு வந்தவர். அமிலம், காரம், சாயம், கண்ணாடிக் குழாய் என்று எத்தனையோ விற்றார். ஆனால் அவருடைய உயிர் லக்ரோஸ் என்கிற பால்சீனியில்தான் கிடந்தது. குழந்தைகளுக்கான பால்மாவில் அது இருக்கிறது, மருந்துக் குளிசைகளுக்கு உடம்பு கொடுப்பது அது, ஓமியோபதிக்காரரின் சின்ன உருண்டைகளும் அதுதான். "பிறக்கிற பிள்ளையும் வருத்தக்காரனும் உலகத்திலை இருக்குமட்டும் இந்தச் சரக்குக்குத் தேவை குறையாது" என்பார். விலை மட்டும் பால்க்கட்டியின் கையில் இருந்தது. வெள்ளைக்காரர் பால்க்கட்டி செய்யும்போது வடிகிற தண்ணீரில் இருந்துதான் பால்சீனியை எடுப்பார்கள். அங்கே பால்க்கட்டி தின்பது கூடினால் வடிதண்ணீர் கூடும், பால்சீனி மலியும். தின்பது குறைந்தால் ஏறும். இதைத் தன் மகளின் கலியாண வீட்டிலேயே மாப்பிள்ளை வீட்டாரை இருத்தி வைத்து விளங்கப்படுத்தியவர் அவர்.

தொண்ணூறில் கோட்டையைச் சுற்றிச் சண்டை தொடங்கியதும் குருநகர் வெறுமையானது. நாங்களும் கையில் அகப்பட்ட குப்பிகளைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டு சண்டிலிப்பாய்ப் பக்கம் வந்து, ஒரு பள்ளிக்கூடத்தின் பின் அறையில் ஆய்வுகூடத்தை வைத்தோம். அதே பள்ளிக்கூடத்தின் வகுப்பறைகளில் இடம்பெயர்ந்த சனம். அதற்குள் ஏஜன்ற் அண்ணையும் மனைவியும், மகளும் மருமகனும், ஆறு மாதப் பேத்தியும். கடை போய், வீடு போய், மிஞ்சியது ஒரு றேடியோ. மருமகன் சைக்கிளை ஸ்ராண்டில் ஏற்றி நிறுத்தி மிதிக்க, டைனமோவில் அது பாடும். நாலு பக்கமும் சனம் குந்தியிருந்து எங்கே குண்டு விழுந்தது என்று கேட்கக் காத்திருக்கும். இவர் ஐரோப்பாவில் பால் விலை என்ன என்று முள்ளைத் திருப்புவார்! "உங்களுக்கு விசரே அண்ணை?" என்று நானே ஒருநாள் ஏசினேன். "தங்கச்சி, ஒருநாளைக்குப் பாதை திறக்குமெல்லே? திறக்கேக்கை விலை தெரியாத ஏஜன்ற் எண்டு என்னை ஆரும் சொல்லக்கூடாது" என்றார்.

ஆனி, ஆடி வெயிலோடு பள்ளிக்கூடத்தில் வயிற்றோட்டம் தொடங்கியது. முதலில் பெரிய பிள்ளைகள், பிறகு கைக்குழந்தைகள். ஓடிவந்த பயத்தில் ஏஜன்ற் அண்ணையின் மகளுக்குப் பால் வற்றிவிட்டிருந்தது. பேத்திக்குப் பால்மாதான், அதையும் கிணற்றுத் தண்ணீரில்தான் கரைக்க வேண்டும். கொதிக்க வைத்துக் குடியுங்கள் என்று சொல்ல எங்களுக்கென்ன, வாய்தானே! அத்தனை குடும்பத்துக்கும் விறகு யார் கொடுப்பது? அந்தக் குழந்தை வற்றிக்கொண்டே வந்தது. முதலில் அழுகை குறைந்தது, பிறகு பார்வை ஒரு இடத்தில் நிற்கத் தொடங்கியது. பக்கத்தில் மூன்று கிணறுகள் இருந்தன. கிருமி கொல்லும் குளோரின் தூளோ ஒரு கிணற்றுக்குத்தான் காணும். எந்தக் கிணறு கெட்டது, எது நல்லது என்று சொல்ல வேண்டியவள் நான். சொல்ல என்னிடம் வழியில்லை.

அந்தப் பரிசோதனை ஒன்றும் பெரிய வித்தையில்லை. ஊதா நிறச் சாறு ஊற்றிய சின்னக் குழாய்களில் கிணற்றுத் தண்ணீரைவிட்டு, இளஞ்சூட்டில் இரண்டு நாள் வைப்போம். மலக்கிருமி இருந்தால் அது சாற்றில் உள்ள பால்சீனியைத் தின்று, ஊதாவை மஞ்சளாக்கி, குழாய்க்குள் கவிழ்ந்து கிடக்கும் குட்டிக் குழாயில் ஒரு குமிழியை விடும். சாற்றுக்கு வேண்டிய மற்றதெல்லாம் பெட்டியில் வந்திருந்தது. பால்சீனிதான் இல்லை. எங்களுக்கென்று கொழும்பில் இருந்து புறப்பட்ட பொதியை வழியில் சோதனைச் சாவடியில் மறித்துவிட்டார்கள். வெள்ளைத் தூள் என்றால் அவர்களுக்கும் பயம்தானே. தேத்தண்ணிக்குப் போடுகிற சீனியைப் போட்டால் என்ன என்று எல்லாரும் கேட்டார்கள். அதைக் கண்ட கிருமியெல்லாம் தின்னும், மலக்கிருமியிலேயே பாதி தின்னாது. அந்த மஞ்சளை நம்பி ஒரு கிணற்றை மூடுவதும் திறப்பதும் கண்ணைக் கட்டிக்கொண்டு றோட்டைக் கடக்கிற வேலை.

பேத்தியைத் தோளில் போட்டுக்கொண்டு ஏஜன்ற் அண்ணை என் அறை வாசலில் வந்து நின்றார். "தங்கச்சி, அவங்கள் பால்க்கட்டி செய்து ஊத்துற தண்ணியிலை இருந்துதானே எடுக்கிறாங்கள்?"

"ஓம். எங்கடை ஊரிலை ஆர் அண்ணை பால்க்கட்டி தின்னுறது?"

"தின்னப் பண்ணுவம்" என்றார். அவர் பகிடி விடவில்லை என்று முகத்தைப் பார்த்த பிறகுதான் விளங்கியது.

பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் புகையிலைத் தோட்டத்தோடு ஒரு வீடு. அங்கே கன்று ஈன்ற மாடு ஒன்று நின்றது. அந்த வீட்டு அக்காவிடம் இருவருமாகப் போனோம். தேசிக்காய் பிழிந்து பாலைத் திரைய வைக்கப் போகிறோம் என்றதும் அவ எழும்பிவிட்டா. "என்னது? நல்ல பாலைத் திரைய வைக்கிறதோ? கண்டு போட்ட மாடு நிக்கிற வீடு இது!" பால் பொங்கினால் மங்களம், திரைந்தால் கூடாது என்பது எங்கள் வீடுகளிலும் உள்ளதுதான். அதற்கு மேலே, கைக்குழந்தைகள் பாலுக்கு ஏங்குகிற நேரத்தில் அதைக் கெடுப்பதென்றால் யாருக்குத்தான் மனம் வரும்? ஏஜன்ற் அண்ணை தோளில் கிடந்த பேத்தியை அவவின் பக்கம் திருப்பிக் காட்டினார். "பிள்ளை, எனக்கு வடியிற தண்ணி மட்டும் போதும். திரண்ட பால் முழுக்கப் பள்ளிக்கூடத்துப் பிள்ளையளுக்கு. உங்கடை வீட்டு அடுப்பிலை ஒண்டும் திரையாது, அதுக்கு நான் பொறுப்பு." அக்கா குழந்தையின் காலைத் தொட்டுப் பார்த்தா. "விடியப் பால் வரும்" என்றா.

விடியப் பால் வந்தது. பள்ளிக்கூட முற்றத்தில் மூன்று கல் வைத்து, பனம்மட்டை மூட்டி, பாலைக் காய்ச்சினோம். அளவெட்டி நாதஸ்வரக்காரரைப் போலக் கன்னம் உப்ப ஏஜன்ற் அண்ணை அடுப்பு ஊதினார். தேசிக்காய்ச் சாறு விழுந்ததும் பால் பிரிந்து, வெள்ளைக் கட்டி மேலே வர, பச்சை கலந்த தண்ணீர் கீழே நின்றது. சீலையில் வடித்து, தண்ணீரைத் திரும்பவும் கொதிக்க வைத்து, திரும்பவும் வடித்து, வற்றக் காய்ச்ச வேண்டும். பாதி வற்றும்போது அவர் பழக்கதோசத்தில் விரலைவிட்டு நக்கிப் பார்த்தார். கண்ணை மூடவில்லை. அகல விரித்தார்.

"தங்கச்சி, இது இனிக்குது."

நானும் நக்கிப் பார்த்தேன். தேத்தண்ணிக் கடையில் குடிப்பதுபோல அப்பட்டமான இனிப்பு. பாலில் சீனி! அதுவும் சீனிக்குத் தவம் கிடந்த அந்த நாளில். அக்காவிடம் ஓடினேன். பிள்ளைகளுக்கென்று சொன்னதால், பத்திரப்படுத்தி வைத்திருந்த சீனி முழுவதையும் கரைத்துத்தான் அனுப்பியிருக்கிறா. "வெறும் பாலை ஆருக்கடி பிள்ளை குடுக்கிறது? பச்சைப் பாலனுகளுக்கு வெறும் பாலோ?" என்று என்னையே திருப்பிக் கேட்டா. காரியம் கெட்டது என்று விளங்கப்படுத்தியதும் படலையைப் பிடித்துக்கொண்டு அழத் தொடங்கிவிட்டா. எனக்கு ஆத்திரம் வந்த வேகத்திலேயே போய்விட்டது. அந்தச் சீனியைத் தன் சொந்தப் பிள்ளைகளுக்குக்கூட அவ காட்டியிருக்கவில்லை.

ஒருநாள் போச்சுது. அந்த ஒருநாள் குழந்தைக்குத் தாங்குமோ என்று எங்கள் எல்லாருக்கும் பயம். ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் அன்றைக்கு இனிப்புக் கட்டி தின்றார்கள், இனிப்புத் தண்ணீர் குடித்தார்கள், சட்டியைச் சுரண்டிச் சண்டை பிடித்தார்கள். வாரக்கணக்காகச் சிரிப்புச் சத்தம் கேட்காத முற்றம் அது. ஏஜன்ற் அண்ணை அதைப் பார்த்துக்கொண்டே, "பாத்தியளே? பால்க்கட்டிக்கு இஞ்சையும் சந்தை இருக்கு" என்றார். எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தது.

மறுநாள் அக்கா தானே செம்போடு வந்து, கறந்த பாலை என் முகத்துக்கு நேரே நீட்டி, "குடிச்சுப் பார். பிறகு என்னைச் சொல்லாதை" என்றா. அன்று எல்லாம் சரியாகவே நடந்தது. வற்றிய பாகை ஆறவைத்த சட்டியின் அடியில் மணல்போல ஒன்று இறங்கியிருந்தது. அதைத் திரும்பவும் வெந்நீரில் கரைத்து, உறையவிட்டு, மிஞ்சியிருந்த மருந்துச் சாராயத்தில் கழுவிக் காயவைத்தேன். ஒரு உள்ளங்கை அளவு இருக்கும், கொஞ்சம் பழுப்பு. முதல் சிட்டிகையை ஏஜன்ற் அண்ணையிடம் நீட்டினேன். நாக்கில் வைத்தார். கண்ணை மூடித் திறந்து, "ஒல்லாந்துக்காரன் இதை வாங்கமாட்டான்" என்றார். "ஆனால் சரக்கு அதுதான்."

மூன்று கிணற்றுத் தண்ணீரையும் குழாய்களில் ஊற்றி, கூடவே கொதித்தாறிய தண்ணீரும் பள்ளிக்கூடத்துக் கழிவுக் கானில் அள்ளிய ஊத்தைத் தண்ணீரும் ஒவ்வொரு குழாய் வைத்தேன். செய்த சீனி பொய் சொல்கிறதா என்று எனக்குத் தெரியவேண்டுமே. மரப்பெட்டிக்குள் கைவிளக்கு வைத்துச் சூடு காத்தோம். இரண்டு நாள் கழித்துப் பெட்டியைத் திறந்தபோது கான் தண்ணீர் மஞ்சள், கொதித்த தண்ணீர் ஊதா. சீனி உண்மை பேசியது. பள்ளிக்கூடக் கிணறு மஞ்சள், குமிழி குண்டாக நின்றது. ஊரிலேயே நல்ல தண்ணீர், இளநீர் மாதிரி என்று எல்லாரும் அள்ளி அள்ளிக் குடித்தது அதைத்தான். அக்கா வீட்டுக் கிணறும் மங்கலாக மஞ்சள். குளத்துப் பக்கம், சனம் கால் கழுவக்கூட விரும்பாத, உப்புக் கரிக்கிற சவர்க் கிணறு மட்டும் ஊதாவாக நின்றது. குளோரின் தூளை எங்கே போடுவது, எதைக் குடிப்பது என்று எனக்கு அப்போதுதான் வாய் திறந்தது.

ஆனால் சனம் குடிக்க வேண்டுமே! "மாடும் வாய் வையாத தண்ணி" என்று அக்காவே முகத்தைச் சுளித்தா. பள்ளிக்கூடக் கிணற்றுக்குத் தூளைப் போட்டு, திரும்பவும் சோதித்துப் பார்க்கும்வரை பூட்டினால், பின்பக்கத்தால் போய் அள்ளினார்கள். அப்போதுதான் ஏஜன்ற் அண்ணை தன் தொழிலுக்குத் திரும்பினார். சேட்டைத் தோய்த்துப் போட்டு, தலையை வாரி, ஒரு கையில் சவர்த் தண்ணீர்ச் செம்பும் மறு கையில் என் இரண்டு குழாய்களுமாக வகுப்பறை வகுப்பறையாகப் போனார். "அம்மா, கண்ணாலை பாருங்கோ. இது நீங்கள் குடிச்சது. இது நான் கொண்டந்தது. ருசிக்கு நான் பொறுப்பில்லை, உயிருக்குப் பொறுப்பு." எல்லாருக்கும் முன்னால் மடமடவென்று குடிப்பார். முகத்தில் ஒரு சுளிப்பு வரவேண்டுமே! கடலுக்குச் சத்தி எடுத்த மனுசன், அந்த உப்புத் தண்ணீரை நாள் முழுக்க வாசலுக்கு வாசல் குடித்துக் காட்டினார். பின்னேரம் மகளின் கையில் இருந்து போத்தலை வாங்கி, பேத்திக்குப் பால்மாவைத் தானே கரைத்தார். குழந்தை முதல் மிடறைத் துப்பியது. மகள், "விடுங்கோ அப்பா, பாவம்" என்று கத்தினா. அவர் விடவில்லை. மெல்ல மெல்லப் போத்தல் வெறுமையானது.

இப்போது என் தங்கையின் மகன், எனக்குப் பெறாமகன், வெளிநாட்டில் பால் பொருட்களின் விலை பார்க்கிற வேலையில் இருக்கிறான். பால்சீனியின் உலகச் சந்தைப் போக்கு என்று ஒரு பெரிய அறிக்கையை அண்மையில் அனுப்பினான். குழந்தை உணவுத் தேவை கூடுகிறதாம், குளிசைத் தேவை கூடுகிறதாம், பால்க்கட்டியைப் பொறுத்துத்தான் விலையாம். படம் கீறி, கோடு இழுத்து, என்ன அழகாகச் செய்திருக்கிறார்கள்! சைக்கிள் மிதிக்க வைத்துக்கொண்டு மனுசன் சொன்னதற்கு மேலே அதில் ஒரு வரி இல்லை. அவர் இன்று இல்லை என்பது அந்த அறிக்கையைப் படித்தபோது எனக்குக் கடுமையாக உறைத்தது.

அன்று பள்ளிக்கூடத்தில் தண்ணீரை மாற்றிய பின் ஐந்தாறு நாளாக நான் அவர்கள் பக்கம் போகவில்லை. கேட்கப் பயம். பிறகு ஒருநாள் காலை, வகுப்பறைக்குப் பின்னால் துணி காயப்போடும் கொடியின் முன்னே ஏஜன்ற் அண்ணை தனியாக நின்றதைக் கண்டேன். வயிற்றோட்டத்தில் கிடந்த பேத்தியின் அணைதுணிகள் முன்பெல்லாம் கொடி முழுக்கத் தொங்கும், இடம் போதாமல் வேலியிலும் கிடக்கும். அன்று கொடியில் மூன்றே மூன்று துணி. உள்ளே குழந்தை பசிக்கு வீரிட்டுக் கத்துகிறது, நல்ல பலத்த தொண்டை. அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். கண்ணால் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

"அணைதுணிக்குச் சந்தை விழுந்துபோச்சு தங்கச்சி" என்றார். "நல்லா விழட்டும்."