முத்துப்பேச்சி சொன்ன சாட்சி

முத்துப்பேச்சி என் மெஸ்ஸுக்கு வேலை கேட்டு வந்தபோது ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். பரிமாற வரமாட்டேன், அடுப்படியிலேயே இருந்துகொள்கிறேன் என்றாள். ராஜபாளையத்தில் மில் பக்கம் மெஸ் நடத்துகிறவளுக்குக் கைமணமுள்ள ஆள் கிடைப்பது குதிரைக் கொம்பு. ஏன் எதற்கு என்று கேட்காமல் சேர்த்துக்கொண்டேன். பின்னால் இருந்த சின்ன அறையையும் ஒழித்துக் கொடுத்தேன்.

காரணம் சீக்கிரமே தெரிந்துவிட்டது. மதியச் சாப்பாட்டுக்கு வந்த ஒருவன் அடுப்படியை எட்டிப் பார்த்துவிட்டு, "பெத்த மகனைப் புடிச்சுக் குடுத்தவ கையாலயா சாப்பிடுதோம்" என்று பக்கத்தில் இருந்தவனிடம் சொன்னான். நான் அவன் இலையை எடுத்துத் தொட்டியில் போட்டுவிட்டு எழுந்து போகச் சொன்னேன். எனக்குக் கோபம் முன்னால் வரும், யோசனை பின்னால் வரும். அன்றைக்கு யோசனை வந்த பிறகும் கோபம் போகவில்லை. ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். என் மெஸ்ஸில் எத்தனையோ உலைமூடிகள் இருக்கின்றன, ஒன்றும் பிரயோஜனப்படவில்லை.

உள்ளே போனால் அவள் பருப்பைக் கடைந்துகொண்டே, "அவன் சொன்னது நெசந்தாங்க்கா" என்றாள். அதற்குப் பிறகு வெங்காயம் உரிக்கும்போதும் காய் நறுக்கும்போதும் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னாள்.

கான்சாபுரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு கிராமம். நஞ்சையும் தென்னையும் உள்ள குடும்பம். புருஷன் சின்னக்கருப்பன் அதிகம் பேசாத ஆள். மூத்தவன் வல்லரசு, அடுத்தவள் யுவராணி. முத்துப்பேச்சியின் தம்பி விஜயபாண்டி பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்று வந்தவர். வல்லரசை எப்படியாவது மிலிட்டரியில் சேர்த்துவிட வேண்டும் என்று அவர்தான் காலையில் கண்மாய்க்கரையில் ஓடவிடுவார். தங்கச்சி கல்லூரிக்குப் போக பஸ் ஏறும் வரை நிறுத்தத்தில் நின்று, ஜன்னலோரம் இடம் கிடைத்ததா என்று பார்த்துவிட்டுத்தான் அவன் வீடு திரும்புவான். இதை முத்துப்பேச்சி பல தடவை சொல்லியிருக்கிறாள்.

அந்த பஸ்ஸில்தான் யுவராணிக்கு சீனிச்சாமி பழக்கமானான். மில்லில் எலக்ட்ரீசியன், ஷிப்டு வேலை. படிப்பு முடிந்ததும் இரண்டு பேரும் பதிவுத் திருமணம் செய்துகொண்டார்கள். அவள் எந்தச் சாதி, அவன் எந்தச் சாதி என்று எழுத எனக்கு இஷ்டமில்லை. நம் ஊர்க்காரர்களுக்கு அதைச் சொல்லித் தெரியவேண்டியதும் இல்லை. பாதுகாப்பு கேட்டு ஸ்டேஷனுக்குப் போனார்கள். அங்கே இரு தரப்பையும் உட்காரவைத்து, அவர்கள் வழிக்கு நாங்கள் போகமாட்டோம் என்று சின்னக்கருப்பனிடம் எழுதி வாங்கிக்கொண்டு, எல்லோருக்கும் புத்திமதி சொல்லி அனுப்பிவிட்டார்கள். எழுதி வாங்கியாகிவிட்டது, இனி யாருக்கு என்ன ஆகப்போகிறது!

பங்காளிகள் கூடினார்கள். அந்தப் பக்கத்தில் ஒரு வழக்கம் உண்டு. வீட்டை மீறிப் போன பெண்ணைச் செத்துப்போனவளாக வைத்துத் தலைமுழுகிவிடுவார்கள். படம் போட்டுக் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அடித்து ஒட்டுவதும் உண்டு. அதைச் செய்வது என்று முடிவாயிற்று. போஸ்டருக்கு நல்ல போட்டோ வேண்டும் என்று சின்னக்கருப்பன் கேட்டார். யுவராணி வயதுக்கு வந்த சடங்கில் பட்டுப்புடவை கட்டி எடுத்த படம் முத்துப்பேச்சியின் பெட்டியில் இருந்தது. அதை எடுத்துக் கொடுத்தாள்.

"அழுதுகிட்டா குடுத்த?" என்று கேட்டேன்.

"இல்லக்கா. சந்தோசமாக் குடுத்தேன். செத்தவளை யாரு கொல்லுவா? இதோட கோவம் தீந்துச்சு, எம்பிள்ளை தப்பிச்சுட்டான்னு நெனச்சேன்."

மோட்டார் தொட்டியில் எல்லோருடனும் நின்று தலையில் தண்ணீரை ஊற்றிக்கொண்டாளாம். உறவுப் பெண்கள் ஒப்புக்கு அழுதார்கள். இவள் முகத்தை முந்தானையால் மூடிக்கொண்டு, செண்பகத்தோப்புப் பேச்சியம்மனைக் கும்பிட்டுக்கொண்டாளாம், பிள்ளையைக் காப்பாற்றிவிட்டாய் தாயே என்று.

நான் அவளைத் திட்டினேன். இப்படியும் ஒருத்தி நம்புவாளா என்று கேட்டேன். அதற்கு அவள், எங்க ஊர்ல யாராயிருந்தாலும் நம்புவாக என்றாள். யோசித்துப் பார்த்தால் உண்மைதான். கருமாதி முடிந்தால் கணக்கு முடிந்தது என்றுதான் எல்லோரும் சொல்கிறோம்.

கணக்கு முடியவில்லை. சில மாதம் கழித்துக் குலசாமி கோயில் கொடைத் திருவிழா வந்தது. காலங்காலமாக முதல் மரியாதை வாங்குகிற வீடு அவர்களுடையது. பரிவட்டம் கட்டும் நேரத்தில் பங்காளிகளில் ஒருவர், இந்த வருஷம் வேறு வீட்டுக்குக் கொடுக்கலாம் என்று பேச்செடுத்தார். நாங்கள்தான் தலைமுழுகிவிட்டோமே என்றார் சின்னக்கருப்பன். "செத்தவ வயித்துப் பிள்ளையோட ஸ்ரீவில்லிபுத்தூர் ரத வீதியில காய் வாங்கிட்டுப் போறாளாமே" என்று அந்த ஆள் சொல்ல, கூட்டம் சிரித்தது. வல்லரசு தகப்பனுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தான். மரியாதை அடுத்த வீட்டுக்குப் போனது. போஸ்டர் ஒட்டாமல் இருந்திருந்தால் அவள் ஓடிப்போனவளாக மட்டும் இருந்திருப்பாள். செத்ததாக ஒட்டிய பிறகு, அவள் உயிரோடு நடமாடுவதே அவர்களுக்கு அவமானமாகப் போய்விட்டது.

முத்துப்பேச்சிக்கு இது விளங்கவில்லை. பெண்கள் பக்கம் உட்கார்ந்திருந்தவளுக்குச் சிரிப்புச் சத்தம்தான் கேட்டது. மகள் ஐந்து மாசம் என்று தெரிந்ததிலிருந்து அவள் கால் வீட்டில் தங்கவில்லை. புளிச்சாதம் கட்டிக்கொண்டு, ஆண்டாள் கோயிலுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு மகளைப் பார்க்கக் கிளம்பினாள். "பஸ்ஸுல எதுக்கும்மா நசுங்குத, நான் கொண்டு விடுதேன்" என்று வல்லரசு வண்டியை எடுத்தான். பாதி வழியில் எங்கே போகிறோம் என்று அவளாகவே சொல்லிவிட்டாள். அவன் வண்டியைத் திருப்பவில்லை. மனசு இளகிவிட்டது என்று நினைத்தாள். அந்த வீட்டில் அவன் உள்ளே வந்து உட்கார்ந்தான். யுவராணி அண்ணே அண்ணே என்று அழுதுகொண்டே காபி போட்டுக் கொடுத்தாள். குடித்தான்.

பெத்த மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு என்று இதைத்தான் சொல்லியிருக்கிறார்கள் போலும்.

பிறகு ஒரு நாள் சீனிச்சாமிக்கு எந்த ஷிப்டு என்று அம்மாவிடம் பேச்சுவாக்கில் கேட்டான். பகல் ஷிப்டு என்றாள். தங்கச்சிக்கு ஏதோ வாங்கிக் கொடுக்கப் போகிறான் என்று நினைத்தாளாம். அன்றைக்கு அவன் தட்டியபோது யுவராணி கதவைத் திறந்தாள். அண்ணன் என்பதால் திறந்தாள். அதற்கு மேல் எனக்கு எழுத வரவில்லை.

முத்துப்பேச்சி கிரைண்டரில் மாவு ஆட்டிக்கொண்டிருந்தாள். வல்லரசு வந்து சுவிட்சை அணைத்தான். "முடிச்சுட்டேம்மா" என்றான். அப்பாவிடமோ மாமாவிடமோ இன்னும் சொல்லவில்லை என்றான். பிறகு தரையில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டான். செம்பில் மோந்து கொடுத்தாள். கை தானாகக் கொடுத்துவிட்டது என்றாள் என்னிடம். மாவுக் கையோடு ஓடிப்போய் பஸ் ஏறினாள். பொய்யாக இருக்கும், பொய்யாக இருக்கும் என்று ஸ்ரீவில்லிபுத்தூர் வரை சொல்லிக்கொண்டே போனாள். தெரு முழுக்கக் கூட்டம். யாரம்மா நீ என்று போலீஸ்காரர் கேட்டார். தாய் என்றாள். யார் மேல் சந்தேகம் என்று கேட்டார். சந்தேகம் இல்லை, என் மகன்தான் என்றாள்.

அதோடு அவளுக்கு ஊரும் இல்லை, வீடும் இல்லை.

வல்லரசு ஜாமீனில் வெளியே வந்தான். வழக்கு இழுத்துக்கொண்டே போயிற்று. வண்டியைப் பார்த்ததாகச் சொன்ன எதிர்வீட்டுப் பெண் கோர்ட்டில் பார்க்கவில்லை என்றாள். ரத்தக் கறையோடு போனவனைப் பார்த்த டீக்கடைக்காரர் அன்றைக்குக் கடையே திறக்கவில்லை என்றார். மூலைக்கடை கேமரா வேலை செய்யவில்லையாம். அது என்றைக்கு வேலை செய்தது! பிறழ் சாட்சி என்று கோர்ட்டில் இதற்குப் பெயர். அவர்கள் நாளைக்கும் அதே தெருவில் குடியிருக்க வேண்டும், எனக்கு அது புரிகிறது. புரிந்தாலும் மனசு ஆறவில்லை. கடைசியில் முத்துப்பேச்சி ஒருத்திதான் மிச்சம். அவள் வாயைத் திறந்தால் மகன் ஜெயிலுக்குப் போவான். திறக்காவிட்டால் மகளைக் கொன்றவர் யாரும் இல்லை என்று ஆகிவிடும்.

அவள் முடிவெடுத்துவிட்டாள் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஒரு நாள் சொல்லுவேன் என்பாள். மறுநாள், ஒன்றாவது மிஞ்சட்டுமே அக்கா என்பாள். சோற்றில் உப்புப் போட்டோமா இல்லையா என்று மறந்து இரண்டு தடவை போடுவாள். சீனிச்சாமி ஒருமுறை வந்தான். சாப்பிட உட்கார்ந்து, பாதியில் கை கழுவிக்கொண்டு அடுப்படி வாசலில் வந்து நின்றான். "அத்தை, நீங்க சொல்லாட்டாலும் நான் தப்பா நெனைக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டுப் போனான். அவன் திட்டியிருந்தால்கூட அவளுக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

சாட்சி சொல்லும் நாள் நெருங்கியபோது விஜயபாண்டி வந்தார். நல்ல மனிதராகத்தான் தெரிந்தார், அதுதான் எனக்கு இன்னும் எரிச்சல். மெஸ்ஸில் ஆள் இல்லாத நேரம். அக்காளும் தம்பியும் எதிரெதிரே பெஞ்சில் உட்கார்ந்தார்கள். நான் கல்லாவில் இருந்தேன், போகவில்லை.

"அக்கா, போனவ போயிட்டா. இவனும் போகணுமா? ஞாபகம் இல்லன்னு ஒரு வார்த்தை சொல்லு. பொறவு வீட்டுக்கு வந்துரு. மச்சான் ஒன்னும் சொல்ல மாட்டாரு. நான் இருக்கேன்."

வீட்டுக்கு வா என்று அவளிடம் யாரும் சொல்லி எவ்வளவோ காலம் ஆகியிருந்தது. அவள் கண் கலங்கியது. சரி என்று சொல்லிவிடுவாள் என்றே நினைத்தேன். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "கொடையில இந்த வருஷம் மரியாதை யாருக்குக் குடுத்தாக?" என்று கேட்டாள்.

விஜயபாண்டி பதில் சொல்லத் தயங்கினார். பட்டாளத்துக்காரர், பொய் சொல்லப் பழகவில்லை. "நமக்குத்தான்க்கா" என்றார்.

முத்துப்பேச்சி எழுந்து உள்ளே போய்விட்டாள். அவர் காத்திருந்து பார்த்துவிட்டுக் கிளம்பினார்.

ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டுக்கு அவளோடு நான் போனேன். மெஸ்ஸை மூடிவிட்டுத்தான் போனேன். வல்லரசு வெள்ளைச் சட்டை போட்டு, இளைத்துப்போய் நின்றான். அவன் அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தான். வல்லரசு தரப்பு வக்கீல் அந்தப் போஸ்டரை விரித்துக் காட்டினார். பெண்ணை எப்போதோ தலைமுழுகிவிட்ட குடும்பம், அவளைக் கொல்ல இவர்களுக்கு என்ன காரணம் இருக்கமுடியும் என்றார். அந்தப் படத்தை நீங்கள்தானே கொடுத்தீர்கள் என்று கேட்டார்.

"நாந்தான்யா குடுத்தேன். செத்துட்டான்னு ஒட்டிட்டா கொல்ல மாட்டாகன்னு நெனச்சுக் குடுத்தேன்."

பிறகு நீதிபதியே, மாவு ஆட்டிக்கொண்டிருந்ததிலிருந்து தண்ணீர் கொடுத்தது வரை இன்னொரு தடவை கேட்டார். ஒன்றுவிடாமல் சொன்னாள். யார் வந்து அப்படிச் சொன்னது, இங்கே இருக்கிறாரா என்று கேட்டதும் கையை நீட்டினாள். "அந்தா நிக்கானே, எம்பிள்ளை" என்றாள்.

ஆயுள் தண்டனை கொடுத்தார்கள். கொடையில் சிரித்தவர்களும், பிறகு பரிவட்டம் கட்டிவிட்டவர்களும் எந்தக் குற்றப்பத்திரிகையிலும் இல்லை. ஏதோ ஒரு சங்கத்திலிருந்து வந்து அவளுக்குச் சால்வை போடவேண்டும், வீரத்தாய் என்று மேடையேற்றவேண்டும் என்றார்கள். நல்லெண்ணம்தான். ஆனாலும் இரண்டு பிள்ளையையும் இழந்தவளுக்குச் சால்வையா என்று கேட்டு நானே அனுப்பிவிட்டேன்.

மாதாமாதம் மதுரைக்கு பஸ் ஏறினாள். ஜெயிலில் மனுப் போட்டுவிட்டுக் காத்திருப்பாள். பார்க்க விருப்பமில்லை என்று உள்ளேயிருந்து பதில் வரும். கொண்டுபோன பழத்தை வாசலில் யாருக்காவது கொடுத்துவிட்டுத் திரும்புவாள். மகன் மேல் கோபமில்லையா என்று கேட்டால், இருக்கு என்பாள். பிறகு ஏன் போகிறாய் என்றால் அடுப்பைப் பார்க்கப் போய்விடுவாள்.

போன மாதம் மனுப் போட்டபோது அவன் பார்க்க வந்தான். திரும்பி வந்தவள் சாக்கு மூட்டையைப் பிரித்து மறுநாளைக்கு அரிசி அளந்தாள். என்னதான் சொன்னான் என்று நான்தான் பின்னாலேயே போய்க் கேட்டேன்.

"ஏன் சாட்சி சொன்னேன்னு சண்டை போடுவான்னு நெனச்சேன்க்கா. போடல. கம்பியைப் புடிச்சுக்கிட்டே நின்னான். 'வேற யார்ட்டயும் நான் சொல்லலம்மா, ஒன்ட்ட மட்டுந்தான் சொன்னேன்'னான்."

நீ என்ன சொன்னாய் என்று கேட்டேன். நேரம் முடிந்துவிட்டது என்று காவலர் அவனைக் கூட்டிக்கொண்டு போய்விட்டாராம்.