ராயபுரம் முதல் எண்ணூர் வரை: உக்ரேன்காரர் ஒருவர் ஓட்டுப் போட்ட கதை

இந்த 1952 ஜனவரியில் எனக்கு நான்கு நாள் விடுமுறை கிடைத்தது. எங்கள் திண்டுக்கல் பகுதியில் வாக்குப்பதிவு முடிந்திருந்தது. விரலில் வைத்த மை அழியவில்லை. அப்போது திருவொற்றியூரிலிருந்து அக்காவின் கடிதம் வந்தது. அத்தானுக்கு அங்கே தீப்பெட்டித் தொழிற்சாலையில் வேலை. வழக்கமாக அக்கா தண்ணீர்க் கஷ்டத்தைப் பற்றித்தான் எழுதுவாள். இந்த முறை ஒரு கேள்வி கேட்டிருந்தாள்.

“உக்ரேன் என்று ஒரு நாடு உண்டா? நீ சரித்திரம் சொல்லிக்கொடுக்கிறவள்தானே. அடுத்த வீட்டு டானிலோ அந்த நாட்டுக்காரராம். வாக்காளர் பட்டியலில் அவர் பெயர் இருக்கிறது, ஆனால் ஓட்டுப் போட மாட்டேன் என்கிறார். அவர் சம்சாரம் நாகம்மா அழுகிறாள். டீச்சர் சொன்னால் கேட்பாராம், உன்னை வரச் சொல்கிறாள்.”

பள்ளிக்கூடத்து அட்லஸை எடுத்துப் பார்த்தேன். நான் பத்து வருஷமாக வகுப்பில் விரித்துக் காட்டும் அதே அட்லஸ்தான். கருங்கடலுக்கு வடக்கே, ருஷ்யாவின் நிறத்திலேயே, சின்ன எழுத்தில் அந்தப் பெயர் இருந்தது. அது ஒரு மாகாணம் என்றே இதுவரை சொல்லி வந்திருக்கிறேன். கிளம்பிவிட்டேன்.

திண்டுக்கல்லிலிருந்து எழும்பூருக்கு மூன்றாம் வகுப்பில் எட்டு ரூபாய் ஆறணா. ரயில் காலை ஆறு மணி பத்து நிமிஷத்துக்கு வர வேண்டியது, ஏழுக்கு வந்தது. அங்கிருந்து டிராமில் ஒருமுறை மாறி ராயபுரம், இரண்டணா, முக்கால் மணி நேரம். சாமான் அதிகம் இருந்தால் டிராம் வேண்டாம். ராயபுரத்தில் இறங்கியதும் துறைமுகத்துக் கரித்தூசியும் மீன் வாடையும் சேர்ந்து வந்தன. திருவொற்றியூர் பஸ் எங்கே நிற்கும் என்று ஒரு ரிக்‌ஷாக்காரரைக் கேட்டேன்.

“தோ, அந்தப் புளியமரத்தாண்ட நிக்கும். எங்க போவணும்மா?”

தீப்பெட்டித் தொழிற்சாலைக்குப் பக்கத்துத் தெரு, டானிலோ என்பவர் வீட்டுக்கு அடுத்த வீடு என்றேன்.

“டானி நைனா வூடா? பாய்லர் டானி? அவரைத் தெரியாதவன் இங்க எவன் கீறான். கண்டக்டரு கையில சொல்லு, எறக்கி வுடுவான்.”

அப்படியே ஆயிற்று. மூன்றரை மைல், இரண்டணா, இருபத்தைந்து நிமிஷம். வலப்பக்கம் உட்கார்ந்தால் வழி நெடுகக் கடல் தெரியும்.

டானிலோவுக்கு ஐம்பத்தைந்து வயது. உயரமான, சற்றே கூனிய உடம்பு. வெயிலில் வெந்து செங்கல் நிறமாகிவிட்ட கழுத்து. லுங்கி கட்டிக்கொண்டு வாசலில் உட்கார்ந்து ஒரு ஸ்டவ்வைப் பிரித்துப் போட்டிருந்தார். நான் இங்கிலீஷில் வணக்கம் சொல்ல, அவர் நிமிர்ந்து பார்த்து, “வா டீச்சரம்மா, ஒக்காரு. இங்கிலீஸு எனக்குப் பேஜாரு. தமிள்ல பேசு” என்றார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவரும் சிரித்தார்.

நாகம்மாவுக்கு நாற்பதுக்கு மேல் இருக்கும். மீனவர் குடும்பத்துப் பெண். துறைமுகக் கதவருகே ஆப்பக்கடை வைத்திருந்தவள். இருபது வருஷத்துக்கு முன்பு ஒரு சரக்குக் கப்பல், காய்ச்சலில் கிடந்த தன் கரிதள்ளும் ஆளான டானிலோவை மதராஸ் ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டுப் போய்விட்டது. குணமாகி வெளியே வந்தவர் ராயபுரத்துப் பட்டறை ஒன்றில் பாய்லர் ரிப்பேர் வேலைக்குச் சேர்ந்தார். காலையில் நாகம்மா கடையில் ஆப்பம் சாப்பிட்டார். மூன்று வருஷம் சாப்பிட்ட பிறகு கல்யாணம் செய்துகொண்டார்கள்.

ஐந்து வருஷத்துக்கு மேல் இங்கே வாழ்ந்து, இதையே தன் இடமாக ஆக்கிக்கொண்டவரும் இந்நாட்டுக் குடிமகன் என்று நம் அரசியல் சட்டம் சொல்கிறது. அதனால் பட்டியல் எழுத வந்த வாத்தியாரிடம் நாகம்மா கணவர் பெயரைக் கொடுத்துவிட்டாள். அவர் அப்போது வேலைக்குப் போயிருந்தார். விஷயம் தெரிந்ததும் இரண்டு நாள் அவளோடு பேசவில்லையாம். ஏன் என்று மட்டும் அவர் யாரிடமும் சொல்லவில்லை.

வாக்குப்பதிவுக்கு முந்தின நாள், எண்ணூர் பார்க்க வேண்டும் என்று நான்தான் கேட்டேன். டானிலோ, நாகம்மா, நான் மூவரும் ரயிலில் போனோம். திருவொற்றியூரிலிருந்து ஐந்து மைல், மூன்றணா. காலை ஒன்பது இருபதுக்கு ஒரு வண்டி. அதை விட்டால் மத்தியானம்தான். எண்ணூர் நிலையத்திலிருந்து கழிமுகத்துக்கு ஒன்றரை மைல் நடை. இரண்டு பக்கமும் உப்பளம், கண் கூசும். குடை கட்டாயம் வேண்டும். குடிநீர் கையில் கொண்டுபோங்கள், அங்கே கிணற்றுத் தண்ணீரும் உப்பு.

கழிமுகத்தில் படகுக்காரர் ஆளுக்கு ஓரணா வாங்கிக்கொண்டு அக்கரையில் காட்டுப்பள்ளி மணலில் விடுவார். நாகம்மா ஏறினாள். நானும் ஏறினேன். டானிலோ கரையிலேயே நின்றார்.

“நீங்க போயிட்டு வாங்க. நா இங்க ஒக்காந்துகினு இருக்கேன்.”

“இதான் டீச்சரம்மா. ஆத்தைத் தாண்ட வர மாட்டாரு. இத்தினி வருசத்துல ஒரு வாட்டி வந்ததில்ல” என்றாள் நாகம்மா.

நான் படகிலிருந்து இறங்கிவிட்டேன். நாகம்மாவும் இறங்கி வந்தாள். ஒரு கட்டுமரத்தின் நிழலில் மூவரும் உட்கார்ந்தோம். ஆற்றைத் தாண்ட ஏன் மனமில்லை என்று கேட்டேன். அவர் தண்ணீரைப் பார்த்தபடி சொன்னார்.

அவர் ஊர் பொதோலியா என்ற பகுதியில் ஒரு கிராமம். அண்ணன் ஒஸ்தாப் அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்து வாத்தியார். தம்பியான இவர் ரயில்வே பட்டறையில் ஃபிட்டர். 1917இல் ருஷ்யச் சக்கரவர்த்தி பதவி இழந்ததும், நூற்றுக்கு மேற்பட்ட இனங்களையும் பாஷைகளையும் ஒரே கயிற்றில் கட்டியிருந்த சாம்ராஜ்யம் அவிழ ஆரம்பித்தது. கீவ் நகரத்தில் உக்ரேன்காரர்கள் தங்களுக்கென்று ஒரு மன்றம் அமைத்தார்கள். 1918 ஜனவரியில் சுதந்திரம் அறிவித்தார்கள். அதே மாதத்தில் தங்கள் அரசியல் நிர்ணய சபைக்குத் தேர்தலும் வைத்தார்கள். எல்லா இடத்திலும் நடத்த முடியவில்லை, சண்டை வந்துவிட்டது. டானிலோவின் கிராமத்தில் நடந்தது.

“முட்டிக்கால் வரைக்கும் பனி. கெழவிங்க எல்லாம் கோயிலுக்குப் போற துணி கட்டிகினு வந்து நின்னாங்க. எனக்கு இருவத்தோரு வயசு. அண்ணன்தான் லிஸ்ட்டு எழுதனாரு. வூடு வூடா போயி, ஒரு மாசம். ஓட்டு போட்டுட்டு வெளிய வந்து நானும் அவரும் கட்டிப் புடிச்சிகினோம்.”

அந்தச் சபை ஒரு நாள்கூடக் கூடவில்லை. வடக்கிலிருந்து சிவப்புப் படை வந்தது. ஜெர்மானியர் வந்தார்கள், போனார்கள். சாம்ராஜ்யத்தையே மறுபடி நிறுத்தப் பார்த்த வெள்ளைப் படை வந்தது, போலந்துக்காரர் வந்தார்கள். கீவ் நகரம் எத்தனை முறை கைமாறியது என்று எண்ணுவதையே விட்டுவிட்டார்களாம். இவர் உக்ரேன் குடியரசின் படையில் சேர்ந்தார்.

“பத்தொம்பதாம் வருசம் ஒரு படை எங்க ஊருக்குள்ள வந்திச்சி.”

எந்தப் படை என்று கேட்டேன்.

“பார்த்தவங்க ஆளுக்கு ஒண்ணு சொன்னாங்க, டீச்சரம்மா. கொடி மாறிக்கினே இருந்துது. வந்தவங்க கேட்டது ஒண்ணுதான். ஓட்டு போட்டவன் லிஸ்ட்டு எங்க? யாராரு ஒக்ரேனுக்குப் போட்டான்? அண்ணன் அதுக்குள்ள லிஸ்ட்டை அடுப்புல போட்டுட்டாரு. எரநூத்திச் சொச்சம் பேரு. ஒரு பேரு வாய்ல இருந்து வரல. ஸ்கூலு செவுத்தாண்ட நிக்க வச்சிச் சுட்டாங்க.”

நாகம்மா அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கல்யாணமாகிப் பதினேழு வருஷத்தில் இதை அவளும் கேட்டதில்லை.

அந்தக் குளிர்காலத்தில் படையில் பாதிப்பேர் விஷக்காய்ச்சலில் விழுந்தார்கள். 1920 நவம்பரில் மிச்சமிருந்தவர்கள் ஸ்ப்ரூச் என்ற ஆற்றைத் தாண்டி மேற்கே போனார்கள். அக்கரையில் நின்ற போலந்துச் சிப்பாய்களிடம் துப்பாக்கியைக் கொடுத்துவிட்டு முள்வேலி முகாமுக்குள் போக வேண்டியிருந்தது. “சின்ன ஆறு. இதுல பாதிகூட இல்ல. தாண்டச்சொல்ல திரும்பி வந்துடலாம்னு நெனச்சேன்” என்றார். முகாமுக்குப் பிறகு டான்சிக் துறைமுகம், கப்பல், கரி, மதராஸ்.

பிறகு என்னைக் கேட்டார்: “நீயும் லிஸ்ட்டு எழுதனியா, டீச்சரம்மா?”

எழுதியிருந்தேன். திண்டுக்கல்லில் மூன்று தெருக்கள் என் பொறுப்பு. இன்னார் சம்சாரம், இன்னார் அம்மா என்று மட்டும் சொன்ன பெண்களிடம் நின்று, சொந்தப் பெயரைக் கேட்டு வாங்கி எழுதினேன் என்பதில் எனக்கு நிறையப் பெருமை இருந்தது. அந்தப் பட்டியல் யார் கைக்கெல்லாம் போகலாம் என்று ஒரு நிமிஷமும் நான் நினைத்ததில்லை. “எழுதினேன்” என்று மட்டும் சொன்னேன். அவருக்கு அறிவுரை சொல்ல வந்தவள் நான். 

நாகம்மாதான் பேசினாள். “அந்த வாத்தியாரு நம்ம வூட்டாண்ட வந்து உன் பேரு இன்னாம்மான்னு கேட்டாரு. டானி பொஞ்சாதின்னேன். அது வாணாம், உன் பேரு சொல்லுன்னாரு. பொறந்ததுல இருந்து சர்க்கார் ஆளு எவனும் எங்கைல அத்தக் கேட்டதில்லய்யா. சொன்னேன். அப்பால உன் பேரையும் சொன்னேன். இத்தினி வருசம் இந்த ஊருல பாய்லர் அடைச்சவன் பேரு அதுல இல்லாங்காட்டி எப்டி? நா நாளைக்குப் போறேன். நீ வந்தா வா.”

 மத்தியான வண்டியில் திரும்பினோம். வழியில் டானிலோ ஒன்று மட்டும் சொன்னார். நாற்பத்தேழு ஆகஸ்டில் தெருவெல்லாம் கொடி ஏற்றியபோது பட்டறையில் எல்லோரும் மிட்டாய் தின்றார்களாம், இவர் பாய்லருக்குள் உட்கார்ந்து அழுதாராம். “சந்தோசத்துலதான். கொஞ்சம் பொறாமையும் கீது.”

மறுநாள் காலை எட்டு மணிக்கு நாகம்மாவும் அக்காவும் பெண்கள் வரிசையில் நின்றார்கள். வாக்குச்சாவடி அங்கிருந்த ஆரம்பப் பள்ளிக்கூடம். எனக்கு அங்கே ஓட்டு இல்லை. எதிரே டீக்கடையில் உட்கார்ந்துகொண்டேன். ஒன்பதே காலுக்கு டானிலோ வந்தார். வெள்ளைச் சட்டை, வேட்டி, சவரம் செய்த முகம். பள்ளிக்கூடத்துச் சுவரருகே வந்ததும் நின்றுவிட்டார். அந்தச் சுவரையே பார்த்தார். நான் எழுந்து போகலாமா என்று யோசித்தேன், போகவில்லை. கொஞ்ச நேரத்தில் அவராகவே நடந்து ஆண்கள் வரிசையின் கடைசியில் நின்றார். முன்னால் நின்ற ஒருவர், “இன்னா நைனா, பேன்ட் மாட்டாம கல்யாண மாப்ள மாரி கீற” என்றார்.

உள்ளே நடந்ததை, அதே நேரம் பெண்கள் பக்கம் நின்றிருந்த நாகம்மாவும் அக்காவும் தனித்தனியே சொன்னார்கள். இரண்டும் ஒத்துப்போனதால் எழுதுகிறேன். ஒரு வேட்பாளரின் ஏஜெண்ட் எழுந்து, வெள்ளைக்காரன் எப்படி ஓட்டுப் போடலாம், எந்த நாடு நீ என்று கேட்டிருக்கிறார்.

“ஒக்ரேனு.”

“அப்படி ஒரு நாடே இல்லையே.”

“இருந்திச்சி. திரும்பி வரும். இப்ப நா இந்த ஊர்க்காரன்.”

அதிகாரி நடுத்தர வயதுக்காரர். பட்டியலைப் புரட்டி, “பெயர்?” என்றார். “டானிலோ.” “தகப்பனார்?” “கிரிகோரி.” அதிகாரி அந்த வரியில் அளவுகோலை வைத்துக் கோடு போட்டார். “பட்டியலில் இருக்கிறார். அந்தப் பெயர்க்காரர் இவர்தானா என்பதற்கு மேல் கேட்க எனக்கு அதிகாரமில்லை” என்று ஏஜெண்டிடம் சொன்னார். வரிசையில் நின்ற நான்கைந்து பேர், “அவரேதான் சார், டானி நைனாதான்” என்றார்கள். விரலில் மை வைத்தார்கள். திரைக்குப் பின்னால் சின்னம் ஒட்டிய பெட்டிகளில் பார்லிமெண்டுக்கும் சட்டசபைக்குமான இரண்டு சீட்டுகளையும் போட்டார்.

வெளியே போகிறவர் திரும்பி வந்து அதிகாரியைக் கேட்டாராம்: “சார், இந்த சபை கூடுமா?”

அதிகாரிக்கு ஒன்றும் புரிந்திருக்காது. “கூடாமல் என்ன? கூடும், ஐயா” என்றாராம்.

சாவடிக்கு வெளியே நாகம்மா காத்திருந்தாள். இருவரும் மை வைத்த விரல்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். அவளுக்கு வைத்தது பெரிய பொட்டு, இவருக்குச் சின்னதாம். அதில் ஒரு சண்டை. எங்கள் மூவருக்கும் அவர் டீ வாங்கிக் கொடுத்தார்.

இந்தப் பக்கம் போக நினைப்பவர்களுக்கு: இரண்டு முழு நாள் போதும். ஜனவரி, பிப்ரவரி நல்லது. ஏப்ரலுக்கு மேல் உப்பளத்தில் நடக்க முடியாது. எண்ணூரில் சாப்பாட்டுக் கடையை நம்ப வேண்டாம், கட்டுச்சோறு எடுத்துப் போங்கள். மீன் சாப்பிடுகிறவர்கள் ராயபுரத்தில் காலை ஏழு மணிக்குள் கடற்கரைக்குப் போனால் வலையிலிருந்தே வாங்கலாம். ரிக்‌ஷாக்காரர்கள் அதட்டிப் பேசுவதுபோல் இருக்கும், அது அந்த ஊர்ப் பிரியம், பயப்படாதீர்கள். முகவரி கையில் இல்லாவிட்டாலும் ஆள் பெயர் சொன்னால் போதும்.

நான் ஊர் திரும்பியதும் அட்லஸில் கருங்கடலுக்கு வடக்கே பென்சிலால் எல்லை ஒன்று போட்டு வகுப்புக்குக் காட்டினேன். இந்த நாட்டு மக்கள் ஒருமுறை ஓட்டுப் போட்டார்கள், அது இன்னும் எண்ணி முடிக்கப்படவில்லை என்று சொன்னேன். பாடப்புத்தகத்தில் அது இல்லை. தலைமையாசிரியை இதுவரை ஒன்றும் கேட்கவில்லை.

போன வாரம் அக்காவின் கடிதம் வந்தது. மே மாதத் தொடக்கத்தில், சென்னைச் சட்டசபை இந்தத் தேர்தலுக்குப் பிறகு முதல்முறையாகக் கூடிய அன்று, டானிலோ அரை நாள் லீவு போட்டாராம். நாகம்மாவையும் கூட்டிக்கொண்டு டிராம் ஏறி, சபை நடக்கும் அரசினர் தோட்டம் வரைக்கும் போயிருக்கிறார். உள்ளே விட மாட்டார்கள், இவர்களும் கேட்கவில்லை. எதிர்ப்பக்கம் மரத்தடியில் இரண்டு மணி நேரம் நின்று, கார்கள் வருவதையும் கதர் வேட்டிக்காரர்கள் இறங்கி உள்ளே போவதையும் பார்த்துவிட்டு, வெள்ளரிப்பிஞ்சு வாங்கித் தின்றுகொண்டு வீடு திரும்பினார்களாம். வாசலில் நின்ற அக்கா, எங்கே போயிருந்தீர்கள் என்று கேட்டிருக்கிறாள்.

“கூடிச்சிம்மா” என்றாராம். “என் கண்ணால பார்த்துட்டு வரேன்.”