யார் முதலில் எழுவது

வீட்டுக்காரர் இருந்தார். பின்லாந்துக்காரர், அறுபது தாண்டியவர். ஃபோர்மேன் பாய் இருந்தார், கீழக்கரைக்காரர். எலக்ட்ரீஷியன் இருந்தான், புதுக்கோட்டைப் பக்கம். நான் இருந்தேன். தச்சு வேலை என்னுடையது.

துபாயில் அவருடைய வில்லாவின் பின்பக்கம் நாங்கள் கட்டிய மர அறை. சவுனா என்பார்கள். உள்ளே பலகைப் படிகள், கரண்ட் அடுப்பு, அதன்மேல் கற்கள். கல் சூடேறியதும் தண்ணீர் ஊற்றுவார்கள். அந்த ஆவியில் உட்கார வேண்டும். கட்டியவர்கள்தான் முதல் சூட்டில் உட்கார வேண்டும் என்பது அவருடைய அப்பா காலத்து வழக்கமாம். எங்கே வந்தாலும் அதை விடமாட்டேன் என்றார். அவர்கள் முறைப்படி உடம்பில் துணி கூடாது. எங்களுக்காகத் துண்டு கட்டிக்கொண்டார்.

ஆகஸ்ட் மாதம். வெயில் இறங்கியிருந்தது. சூடு இறங்கவில்லை.

அவர் ஆங்கிலத்தில் சொன்னதை பாய் எங்களுக்குச் சொன்னார். "இவங்க ஊர்ல முன்னாடி பிள்ளை பெத்துக்கிட்டதும் இதுக்குள்ளதானாம். மவுத்தானவங்களக் குளிப்பாட்டுனதும் இதுக்குள்ளதானாம்."

"ரெண்டுக்கும் ஒரே ரூமா? வாடகை மிச்சம் பாய்" என்றான் எலக்ட்ரீஷியன்.

அவனுக்கு அன்று காலையிலிருந்து வேறொரு சைட்டில் மொட்டைமாடி டூட்டி. கைலி மாற்றும்போது என்னிடம் மட்டும் சொன்னான். "காலையிலேருந்து ஒண்ணுக்கே வரலண்ணே. தலை வேற கிண்ணுன்னு இருக்கு. பாய்கிட்ட சொல்லிடாதீங்க, வேலைக்கு விடாம ரூம்ல உக்கார வச்சிருவாரு."

அது வெயில் தாக்கியதன் அறிகுறி என்று வெயிலில் வேலை செய்கிற எல்லோருக்கும் தெரியும். நான் சொல்லவில்லை.

வாசலில் பாய் குரலைத் தாழ்த்தினார். "பெரியவர் எந்திரிக்கிற வரைக்கும் ஒருத்தனும் எந்திரிக்கக் கூடாது. மரியாதை."

உட்கார்ந்தோம். அவர் அகப்பையால் தண்ணீர் ஊற்றினார். கல் சீறியது. காது மடல் எரிந்தது. எங்களைப் பார்த்துத் தலையசைத்தார். நாங்களும் தலையசைத்தோம். மறுபடி ஊற்றினார்.

எங்கள் மூவருக்கும் வேர்வை ஓடியது. அவன் நெற்றி உலர்ந்து கிடந்தது. நான் பாயைப் பார்த்தேன். பாய் பெரியவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். பெரியவர் எழவில்லை.

மூன்றாவது முறை ஊற்றினார்.

"பஸ் வந்துருச்சு, எல்லாரும் ஏறுங்க" என்றான் அவன்.

வழக்கமான கிண்டல் என்று பாய் சிரித்தார். அவன் முகம் குப்புறக் கீழ்ப்படியில் விழுந்தான்.

தூக்கிக்கொண்டு போய் ஷவருக்குக் கீழே கிடத்தினோம். பெரியவர் ஆம்புலன்ஸுக்கு போன் அடித்தார். விருந்தாளிகள் உட்கார்ந்திருக்கும்போது நான் எப்படி எழுந்து போவேன் என்றார். உள்ளே யாரும் யாரிடமும் அனுமதி கேட்பதில்லை, முடியாதபோது எழுந்து போய்விடுவார்கள், அது உங்களுக்கும் தெரியும் என்று நினைத்தேன் என்றார். பாய் அதை எனக்குச் சொல்லிக்கொண்டே அழுதார்.

அவன் கைலி மாற்றும்போது சொன்னதை அப்போதுதான் பாயிடம் சொன்னேன்.

"இத உள்ள போறதுக்கு முன்னாடி சொல்லக் கூடாதாடா?"

ஆம்புலன்ஸ் போனில் ஒரு பெண் இந்தியில் பேசினாள். ஒரு நிமிடத்தில் நெஞ்சு எத்தனை முறை ஏறி இறங்குகிறது என்று எண்ணச் சொன்னாள். இருபதுக்குள் இருக்க வேண்டும் என்றாள். பாய் வாட்ச்சைப் பிடித்தார். நான் அவன் நெஞ்சில் கை வைத்து எண்ணினேன்.

நாற்பத்தொன்று.