அண்ணிக்கு அடுக்கிய விறகு

ஒக்தியாப்ரினா என்ற பெயரை நான் முதலில் கேட்டது கல்யாணமான மறுவாரம். கலைமானைச் சறுக்குவண்டியில் பூட்டிக்கொண்டே என் வீட்டுக்காரர் புரொக்கோப்பி சொன்னார்: "ஒக்தியாப்ரினா அண்ணி போட்ட முடிச்சு அவுறாது. நீயும் கத்துக்க."

அவர் பெரியப்பா மகன் யெகோர் ஆற்றுப் பனி உடைந்து போய்ச் சேர்ந்தவன். அவன் பெண்டாட்டிதான் இவள். அண்ணன் செத்தால் தம்பி அவளைச் சேர்த்துக்கொள்வது சைபீரியாவில் கலைமான் மேய்க்கும் எங்கள் எவெங்கி ஆட்களின் பழைய வழக்கம். அவளோ எவனும் வேண்டாமென்று மேலாற்றுக் காட்டுக்குத் தனியாகப் போய், தோலுக்குப் பொறி வைத்துப் பிழைத்தாள். வருஷத்தில் எட்டு மாசம் மனுஷ முகம் பார்க்கமாட்டாள். அவள் வேண்டுமென்று கேட்டிருந்தால் என் வீட்டுக்காரர் என்ன சொல்லியிருப்பார்? அதுதான் என்னை அரித்தது.

மேலாற்றுக்குப் போகும் வழியில் ஒரு வேட்டைக் குடிசை உண்டு. தங்கிப் போகிறவர்கள் அடுத்து வருகிறவருக்கு உலர்ந்த விறகும் தீப்பெட்டியும் வைத்துவிட்டுப் போகவேண்டும். விறைத்த விரலோடு வருகிறவருக்கு அதுதான் உயிர். ஒரு கட்டு போதும். ஒரு டிசம்பரில் நாங்கள் அங்கே தங்கிக் கிளம்பும்போது இவர் கூரை முட்ட அடுக்கினார், தீ மூட்டச் சீவல் எல்லாம் சீவி.

"யாருக்கு இத்தனை?"

"அண்ணி சாயங்காலம் வருவா."

"எனக்கு ஒரு நாளாச்சும் இப்படி அடுக்கினீங்களா?"

"உனக்குத்தான் நான் இருக்கேனே."

மான்களைக் கூட்டிவர அவர் போனதும் விறகு முழுவதையும் பின்பக்கப் பனிச்சரிவில் கொட்டினேன். தீப்பெட்டியை மடியில் செருகிக்கொண்டேன்.

பாதி தூரத்தில் குளிர் இறுகி, உறைந்த மரங்கள் வெடிக்கத் தொடங்கின. விறகைக் கொட்டியதை அவரிடம் சொல்லிவிட்டேன். அவர் உடனே வண்டியைத் திருப்பினார்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அவள் துப்பாக்கித் தோட்டாவைப் பிரித்து, வெடிமருந்தில் தீ உண்டாக்கி, கட்டில் பலகையை எரித்துக்கொண்டிருந்தாள். இடக்கையில் இரண்டு விரல் வெளுத்து மரத்திருந்தது. என் மடிப் புடைப்பைப் பார்த்தாள்.

"தீப்பெட்டியக் குடு, தங்கச்சி."

இவர் என்னைத் திட்ட வாயெடுத்தார். "சும்மா இருங்க தம்பி," என்றாள். "பொண்டாட்டிக்கு அடுக்க வேண்டியத இங்க கொண்டாந்து அடுக்கினா அவ வேற என்ன செய்வா?"

அந்த இரண்டு விரலையும் பிறகு எடுத்துவிட்டார்கள். நான் செய்ததைப் பற்றிச் சொந்தத்தில் ஒருவரிடமும் அவள் வாய் திறக்கவில்லை. அந்தப் பெருந்தன்மையும் எனக்குப் பொறுக்கவில்லை. என் விரலே போயிருந்தாலும் பரவாயில்லை, அப்படி ஒரு பேச்சு என் வாயில் வந்ததில்லையே என்றிருந்தது.

ஒக்தியாப்ரினாவுக்கு இப்போது எண்பத்து மூன்று வயது. மாவட்ட ஊரில் தன் தம்பி மகள் வீட்டில் இருக்கிறாள்.